57 வருஷத்துல மூணே கோச்: பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் கதை அதுக்கு முன்னாடி எப்படி இருந்துச்சு தெரியுமா

ரெண்டு கோச்சோட முதல் மூணு வருஷ கணக்கை பக்கத்துல பக்கத்துல வெச்சு பாருங்க. ஒருத்தர் 11 மேட்ச் ஜெயிச்சு 28 தோத்து 3 டிரா. இன்னொருத்தர் 12 ஜெயிச்சு 30 தோத்தாரு. ரெண்டு பேரும் ஒரே டீம், ஒரே ஓனர் குடும்பம், ஒருத்தர் போன கையோட அடுத்தவர் வந்தாரு. முதல் ஆளை மூணாவது வருஷ முடிவுல வீட்டுக்கு அனுப்பிட்டாங்க. ரெண்டாவது ஆள் 23 வருஷம் உக்காந்து நாலு சூப்பர் பவுல், அதாவது லீக்கோட ஃபைனல் கோப்பை, வாங்கிக் குடுத்துட்டு தானா எழுந்து போனாரு. முதல் ஆள் பில் ஆஸ்டின், ரெண்டாவது ஆள் சக் நோல், டீம் பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ்.

அமெரிக்கன் ஃபுட்பால் பாக்கறவங்க கிட்ட ஸ்டீலர்ஸ்னு சொன்னா முதல்ல வர்ற வாக்கியம் "1969ல இருந்து மூணே கோச் தான்" அப்படிங்கறது தான். நோல், பில் கவர், மைக் டாம்லின். 23 சீசன், 15 சீசன், 19 சீசன், கூட்டினா 57. பக்கத்து ஊர் கிளீவ்லேண்ட் பிரவுன்ஸ் 1999ல திரும்ப லீக்குக்கு வந்ததுல இருந்து 2025 சீசன் வரைக்கும் இடைக்கால ஆளுங்களை விட்டுட்டு எண்ணினாலே பத்து முழுநேர கோச் பாத்துட்டாங்க, அதுல ரெண்டு பேரை ஒரே சீசன்ல துரத்திட்டாங்க. அதனால எல்லாரும் ஸ்டீலர்ஸை பொறுமைக்கு உதாரணமா காட்டுவாங்க. எனக்கு இந்த பொறுமை பேச்சு மேல கொஞ்சம் சந்தேகம் உண்டு, ஏன்னா டீம் ஓனரான இதே ரூனி குடும்பம் 1933ல இருந்து 1968 வரைக்கும் 36 சீசன்ல பதிமூணு பேரை மாத்தி மாத்தி உக்கார வெச்சவங்க, அதுல ரெண்டு பேரை போன பிறகு திரும்பக் கூப்பிட்டு வேற வெச்சாங்க. பிறவியிலயே பொறுமைசாலியா இருந்தா இப்படி நடக்குமா?

கிரிக்கெட் பாத்து வளர்ந்தவங்களுக்கு ஒரு விஷயம் சொல்லிடறேன். அங்க ஹெட் கோச்னா நெட்ஸ்ல பந்து போட்டு குடுக்கற ஆள் இல்ல. கிரிக்கெட்ல கேப்டன் பண்ற வேலை மொத்தமும் இங்க கோச் கையில. காதுல ஹெட்செட் மாட்டிக்கிட்டு லைனுக்கு வெளிய நின்னு, அடுத்து ஓடறதா பாஸ் போடறதா, ரிஸ்க் எடுக்கறதா பந்தை அந்தப் பக்கம் உதைச்சு விட்டுடறதா எல்லாம் அவரோட முடிவு, இல்ல அவர் வெச்ச ஆளோட முடிவு. ஸ்டீலர்ஸ் மாதிரி டீம்ல யாரை டிராஃப்ட்ல எடுக்கறதுங்கறதுலயும் அவர் வார்த்தைக்கு வெயிட் உண்டு. டிராஃப்ட்னா காலேஜ் முடிச்சு வர்ற பசங்களை டீம்கள் வரிசையா கூப்பிடற வருஷாந்தர நிகழ்ச்சி, முந்தின சீசன்ல கடைசி இடம் வந்த டீமுக்கு முதல் சான்ஸ். அதனால கோச் மாறினா பிளேயர், ஆட்ட ஸ்டைல், பேசற பாஷை வரைக்கும் எல்லாமே மாறிடும்.

1933ல ஆர்ட் ரூனி 2,500 டாலர் கட்டி இந்த டீமை வாங்கினாரு. அப்போ பேரு பைரேட்ஸ், ஊர்ல ஏற்கனவே இருந்த பேஸ்பால் டீம் பேரையே வெச்சுக்கிட்டாங்க, ஸ்டீலர்ஸ்ங்கற பேரு 1940ல தான் வந்துச்சு. ஆர்ட் ரூனி குதிரை ரேஸ் பிரியர், ஊர்ல எல்லாருக்கும் வேண்டியவர், நல்ல மனுஷன். கோச் செலக்ட் பண்றதுல அவரோட முறை என்னன்னா, தெரிஞ்சவன், நண்பன், நம்ம ஊர் பையன். அவ்வளவு தான். ஜானி மெக்நாலின்னு ஒருத்தர், ஊர் முழுக்க ஜானி பிளட்னு தான் கூப்பிடுவாங்க, அருமையான பிளேயர், 1937ல அவரை பிளேயராவும் கோச்சாவும் சேத்து வெச்சாரு. இவரைப் பத்தி ஒரு கதை இன்னிக்கும் சொல்லுவாங்க. ஒரு ஞாயித்துக்கிழமை வேற ரெண்டு டீம் ஆடற மேட்ச்சை ஜாலியா உக்காந்து பாத்துட்டு இருக்காரு, என்னங்க உங்க டீமுக்கு இன்னிக்கு மேட்ச் இல்லையான்னு கேட்டா இல்லையேன்னு சொல்றாரு, சொல்லி வாய் மூடறதுக்குள்ள மைக்ல பிட்ஸ்பர்க் மேட்ச் ஸ்கோரை அறிவிக்கறாங்க. இதுல எவ்வளவு உண்மை எவ்வளவு மசாலான்னு சத்தியம் பண்ண முடியாது, ஆனா அப்படி ஒரு கதை நம்பற மாதிரி இருந்துச்சுங்கறதே அந்த டீமோட நிலைமை.

1941 இன்னும் வேடிக்கை. ஒரே சீசன்ல மூணு கோச். பெர்ட் பெல் ரெண்டு மேட்ச் தோத்துட்டு விலகிட்டாரு, பின்னாடி லீக்குக்கே கமிஷனரா ஆனவர் இவர். அடுத்து வந்தவர் பஃப் டோனெல்லி, அவர் அப்போ அதே ஊர்ல டுகேன் யுனிவர்சிட்டி டீமுக்கும் கோச், காலையில ஒரு டீம் சாயங்காலம் ஒரு டீம்னு ரெண்டு வண்டில கால் வெச்சு ஓட்டினாரு, அஞ்சு மேட்ச் தோத்தாரு, ஏதாவது ஒண்ணை தேர்ந்தெடுன்னு லீக் சொன்னதும் காலேஜ் டீமே போதும்னு போயிட்டாரு. இவரைப் பத்தி ஒரு துணுக்கு, நம்ம ஊர்ல ஃபுட்பால்னு சொல்ற ஆட்டத்துல இவர் 1934 உலகக்கோப்பை ஆடினவர், ரோம்ல நடந்த தகுதி ஆட்டத்துல மெக்சிகோவுக்கு எதிரா அமெரிக்கா போட்ட நாலு கோலும் இவரோடது. மூணாவதா வால்ட் கீஸ்லிங் வந்தாரு. அவர் ஏற்கனவே கோச்சா இருந்துட்டு போனவர் தான், இன்னொரு தடவையும் வருவாரு.

போர் சமயத்துல ஆளுங்க பட்டாளத்துக்கு போனதால 1943ல பிலடெல்பியா ஈகிள்ஸோட சேந்து ஒரே டீமா ஆடினாங்க, ரெண்டு ஹெட் கோச், ரெண்டு பேருக்கும் ஆகவே ஆகாது. அப்படியும் 5 ஜெயிச்சாங்க. அடுத்த வருஷம் சிகாகோ கார்டினல்ஸோட கூட்டு, பேரு கார்ட்-பிட், 10 மேட்ச் ஆடி 10ம் தோல்வி, எல்லாரும் மிதிச்சுட்டு போறாங்கன்னு பேரை கார்ப்பெட்னு மாத்தி கிண்டல் பண்ணாங்க.

நடுவுல ஒரே ஒரு நல்ல காலம் எட்டிப் பாத்துச்சு. ஜாக் சதர்லேண்ட், பிட்ஸ்பர்க் யுனிவர்சிட்டில பெரிய பேர் வாங்கின கோச், 1946ல வந்தாரு, அடுத்த வருஷமே 8 ஜெயிச்சு 4 தோத்து டீமை முதல் தடவையா பிளேஆஃப், அதாவது லீக் முடிஞ்சதும் வர்ற நாக்-அவுட் சுற்று வரைக்கும் கொண்டு போனாரு. அங்க ஈகிள்ஸ் கிட்ட 21-0. 1948 ஏப்ரல்ல கென்டக்கில ஒரு வயல்காட்டுல தான் யாருன்னே தெரியாம குழம்பி சுத்திட்டு இருந்தவரை கண்டுபிடிச்சாங்க, மூளைல கட்டி, சில நாள்லயே இறந்துட்டாரு. அவருக்கு அப்புறம் வந்த ஜான் மிக்கலோசன் குரு காட்டின சிங்கிள் விங் ஆட்டத்தையே புடிச்சுக்கிட்டு இருந்தாரு, மத்த டீம் எல்லாம் புது முறைக்கு போயாச்சு, லீக்ல கடைசியா அந்த பழைய ஆட்டத்தை ஆடின டீம் ஸ்டீலர்ஸ் தான்.

அந்த 21-0 மேட்ச்சை மட்டும் ஞாபகம் வெச்சுக்கோங்க. 1968 வரைக்கும் 36 வருஷத்துல இவங்க ஆடின ஒரே பிளேஆஃப் அது தான். அதுலயும் ஒரு பாயிண்ட் கூட எடுக்கல.

இப்போ கீஸ்லிங்கோட கடைசி ரவுண்டு, 1954ல இருந்து 56 வரைக்கும். மனுஷன் ஒவ்வொரு மேட்ச்சையும் ஒரே மாதிரி ஆரம்பிப்பாரு, பந்தை ஃபிரான் ரோகல் கையில குடுத்து நேரா நடுவுல ஓட விடறது. ஸ்டேடியத்துல கூட்டம் அதை முன்கூட்டியே பாட்டா பாடும், எதிர் டீமுக்கும் தெரியும், அப்படியும் மாத்த மாட்டாரு. ஒரு நாள் ஆர்ட் ரூனிக்கே பொறுக்காம முதல் ஆட்டம் பாஸ் தான் போடணும்னு ஆர்டர் போட்டாராம். பாஸ் போட்டாங்க, டச்டவுன்! ஆனா செல்லாதுன்னு சொல்லிட்டாங்க, ஏன்னா ஸ்டீலர்ஸ் ஆள் ஒருத்தன் முன்னாடியே நகர்ந்துட்டான். வேணும்னே நகரச் சொன்னது கீஸ்லிங் தான்னு பின்னாடி பேச்சு, இல்லேன்னா ஓனர் வாரா வாரம் யோசனை சொல்ல ஆரம்பிச்சிடுவாரேன்னு.

அவர் காலத்துல நடந்த இன்னொண்ணு சிரிக்கற மாதிரி இல்ல. 1955ல ஒன்பதாவது ரவுண்ட்ல ஒரு குவார்ட்டர்பேக்கை, அதாவது பாஸ் எறியற முக்கியமான ஆளை, எடுத்தாங்க, பிட்ஸ்பர்க் பையன், பேரு ஜானி யூனைட்டஸ். கேம்ப்ல ஆர்ட் ரூனியோட பசங்க இவன் கூட பந்து போட்டு விளையாடிட்டு, இருக்கறதுலயே பெஸ்ட் இவன் தான்னு அதுல ஒரு பையன் டிம், அப்பாவுக்கு 22 பக்கத்துக்கு லெட்டர் எழுதினான். கீஸ்லிங் ப்ராக்டிஸ் மேட்ச்ல கூட ஒரு பாஸ் போட விடாம அவனை அனுப்பிட்டாரு. அவன் உள்ளூர் டீம்ல ஒரு மேட்ச்சுக்கு 6 டாலருக்கு ஆடிட்டு இருந்து அடுத்த வருஷம் பால்டிமோர் கோல்ட்ஸ் போயி, 1958லயும் 59லயும் சாம்பியன். ஓனர் வீட்டு சின்னப் பசங்க கண்ணுக்கு தெரிஞ்சது கோச் கண்ணுக்கு தெரியல.

அடுத்து பட்டி பார்க்கர். இவர் முன்ன வந்தவங்க மாதிரி இல்ல, டெட்ராய்ட் லயன்ஸுக்கு 1952, 53 ரெண்டு சாம்பியன்ஷிப் வாங்கிக் குடுத்துட்டு வந்த பெரிய கை. எட்டு சீசன் இருந்தாரு, டீமை ஓரளவு ஜெயிக்கவும் வெச்சாரு. ஆனா புதுப் பசங்கன்னாலே இவருக்கு அலர்ஜி. டிராஃப்ட் சான்ஸை எல்லாம் வித்து வித்து வயசான பிளேயர்களை வாங்குவாரு, சில வருஷம் முதல் பல ரவுண்ட்ல இவங்க கூப்பிடறதுக்கு சான்ஸே இருக்காது, பாதி நேரம் சும்மா உக்காந்து மத்தவங்க எடுக்கறதை பாத்துட்டு இருக்கணும். 1957ல அஞ்சாவது ஆளா லென் டாசன்னு ஒரு குவார்ட்டர்பேக்கை எடுத்தாங்க, அடுத்த சான்ஸ்ல கிளீவ்லேண்ட் ஜிம் பிரவுனை எடுத்தது. சரி டாசனாவது மிஞ்சினானான்னா அவனையும் ஆட விடாம ஓரம் கட்டி அனுப்பிட்டாங்க, அவன் பின்னாடி கான்சாஸ் சிட்டிக்கு சூப்பர் பவுல் ஜெயிச்சுக் குடுத்தான்.

பார்க்கர் தோத்தா ராத்திரியே ராஜினாமா பண்றேன்னு மிரட்டற ஆள். காலைல எல்லாரும் மறந்துடுவாங்க. 1965 சீசன் ஆரம்பிக்க கொஞ்ச நாள் தான் இருக்கு, வேற டீமோட பிளேயர் மாத்திக்கற ஒரு டிரேட் பண்ணணும்னு நிக்கறாரு. அப்போ ஆர்ட் ரூனியோட மூத்த மகன் டான் ரூனி நிர்வாகத்துக்குள்ள வந்தாச்சு, என்னைக் கேக்காம இனி டிரேட் இல்லன்னு ஏற்கனவே சொல்லி வெச்சிருந்தாரு. காலைல பேசிக்கலாம்ங்கறாரு டான். நான் நினைச்சபடி நடத்த முடியலேன்னா ராஜினாமாங்கறாரு பார்க்கர். டான் சரின்னுட்டாரு. வழக்கமா சமாதானம் பண்ற குடும்பத்துல முதல் தடவையா ஒருத்தர் சரின்னு சொன்னது அன்னிக்கு தான், என்னைக் கேட்டா ஸ்டீலர்ஸோட நிஜமான ஆரம்பம் 1969 இல்ல, இந்த ஒத்த சரி தான்.

ஆனா உடனே ஒண்ணும் விடியல. மைக் நிக்சன் அந்த 1965ல 2 ஜெயிச்சு 12 தோத்துட்டு போனாரு. அடுத்து பில் ஆஸ்டின், கிரீன் பே ஜாம்பவான் வின்ஸ் லொம்பார்டி சிபாரிசு. லொம்பார்டி சொன்னா போதாதா? போதல. ஆஸ்டின் லொம்பார்டி மாதிரியே கத்திப் பாத்தாரு, ப்ராக்டிஸ்ல ஆளுங்களை பிழிஞ்சு பாத்தாரு. 5, 4, 2. மூணு வருஷ வெற்றிக் கணக்கு அது.

இங்க தான் டான் ரூனி முறையையே மாத்தினாரு. நண்பன், சிபாரிசு எல்லாம் ஓரமா வெச்சுட்டு உக்காந்து ஆளுங்களை இன்டர்வியூ பண்ணாரு. பென் ஸ்டேட் காலேஜ் கோச் ஜோ பட்டர்னோவை முதல்ல கேட்டாங்க, அவர் வரல. சக் நோல் அப்போ பால்டிமோர் கோல்ட்ஸ்ல டான் ஷூலா கிட்ட டிஃபென்ஸ் கோச். 1969 ஜனவரி 12 அன்னிக்கு சூப்பர் பவுல்ல அவங்க டீம் ஜெட்ஸ் கிட்ட 16-7 தோத்து ஊரே சிரிச்சுது, மறுநாளே டான் ரூனி கூட நோல் முதல் பேச்சு. ஸ்டீலர்ஸ்ல யார் யார் எப்படி, எங்க ஓட்டைன்னு டான் ரூனிக்கே தெரியாத அளவுக்கு நோல் பேசினாராம், முந்தின சீசன்ல கோல்ட்ஸ் இவங்களை 41-7 அடிச்சிருந்தாங்க, அந்த ஃபிலிமை எல்லாம் அவர் பாத்து வெச்சிருந்தாரு. வயசு 37. இப்படி ஒரு தோல்வி ஊருக்கு வர்றீங்களேன்னு நிருபர் கேட்டதுக்கு, தோக்கறதுக்கும் எந்த ஊர்ங்கறதுக்கும் சம்பந்தமே இல்லன்னு ஒத்த வரில முடிச்சுட்டாரு.

டீமோட முதல் மீட்டிங்கை லைன்பேக்கர் ஆண்டி ரசல் பின்னாடி பல தடவை சொல்லியிருக்காரு. நீங்க தோக்கறதுக்கு காரணம் உங்களுக்கு ஆடத் தெரியல, உங்கள்ல முக்கால்வாசி பேரை நான் மாத்தப் போறேன்னு நோல் சத்தம் போடாம, கோவப்படாம, பாடம் நடத்தற மாதிரி சொன்னாராம். ரசல் அப்பவே பேர் வாங்கின பிளேயர், அவரைக் கூப்பிட்டு நீ ஆடற விதம் எனக்குப் பிடிக்கலன்னு சொல்லி, காலை எங்க வெக்கணும் எவ்வளவு இஞ்ச் தள்ளி வெக்கணும்னு அ ஆவன்னால இருந்து ஆரம்பிச்சிருக்காரு.

முதல் டிராஃப்ட்ல நாலாவது ஆளா நார்த் டெக்சாஸ்ல இருந்து ஜோ கிரீனை எடுத்தாரு, உள்ளூர் பேப்பர் யாரு அந்த ஜோ கிரீன்னு தலைப்பு போட்டுச்சு. அந்த வருஷம் முதல் மேட்ச் ஜெயிச்சு அடுத்த 13ம் வரிசையா தோத்தாங்க. ஒண்ணு, அஞ்சு, ஆறு. மூணு வருஷம். ஆஸ்டினோட அஞ்சு, நாலு, ரெண்டை இதுக்குப் பக்கத்துல வைங்க, மொத்தம் கிட்டத்தட்ட ஒண்ணு தான், ஆனா ஒண்ணு மாடிப்படி ஏறுது ஒண்ணு இறங்குது. அது மட்டும் காரணம் இல்ல, அந்த மூணு வருஷத்துல டிராஃப்ட்ல உள்ள வந்த ஆளுங்களை டான் ரூனி பாத்துட்டு இருந்தாரு. கிரீன், 1970ல முதல் ஆளா டெர்ரி பிராட்ஷா, அதுவும் அதே 1-13 கணக்குல இருந்த சிகாகோவோட காசு சுண்டிப் போட்டு கிடைச்ச சான்ஸ். பார்க்கர் வித்துத் தின்ன சொத்தை இவங்க சேத்து வெச்சாங்க.

சேத்தது நோல் மட்டும் இல்ல. பில் நன்னு ஒரு மனுஷன், பிட்ஸ்பர்க் கூரியர்ங்கற கறுப்பினப் பத்திரிகைல ஸ்போர்ட்ஸ் எழுதினவர், உங்க டீம் கறுப்பின காலேஜ் பக்கமே எட்டிப் பாக்கறது இல்லன்னு குறை சொன்னவரை டான் ரூனி கூப்பிட்டு அப்போ நீங்களே வந்து பாருங்கன்னு ஸ்கவுட், அதாவது புது ஆளுங்களைத் தேடிப் பாக்கறவர், ஆக்கினாரு. ஜான் ஸ்டால்வர்த்னு அலபாமா ஏ அண்ட் எம் பையன் ஓடினப்போ கிரவுண்ட் ஈரம், டைம் சுமார், மத்த டீம் ஸ்கவுட் எல்லாரும் குறிச்சுக்கிட்டு கிளம்பிட்டாங்க. நன் உடம்பு சரியில்லன்னு சொல்லி அங்கயே தங்கிட்டு, மறுநாள் காஞ்ச தரையில தனியா ஓட விட்டு பாத்தாரு. பையன் பறந்தான். இதை யார் கிட்டயும் மூச்சு விடல. 1974 டிராஃப்ட்ல நோல் முதல் ரவுண்ட்லயே அவனை எடுக்கணும்னு துடிச்சாரு, இவங்க இருங்க சார் அவன் எங்கயும் போக மாட்டான்னு பிடிச்சு வெச்சாங்க. லின் ஸ்வான், ஜாக் லாம்பர்ட், நாலாவது ரவுண்ட்ல ஸ்டால்வர்த், அஞ்சாவதுல மைக் வெப்ஸ்டர். நாலு பேரும் ஹால் ஆஃப் ஃபேம். ஒரே டிராஃப்ட்ல!

அதுக்கு முன்னாடி 1972 டிசம்பர் 23. டீம் ஆரம்பிச்சு நாப்பதாவது சீசன், இன்னும் ஒரு பிளேஆஃப் மேட்ச் கூட ஜெயிச்சதில்ல. ஓக்லாண்ட் ரெய்டர்ஸ் 7-6 முன்னாடி, 22 செகண்ட் பாக்கி, நாலாவது டவுன், அதாவது கடைசி முயற்சி. ஆர்ட் ரூனிக்கு இத்தனை வருஷ தோல்வி பழக்கம், பசங்களுக்கு ஆறுதல் சொல்லலாம்னு லிஃப்ட்ல இறங்க ஆரம்பிச்சிட்டாரு. பிராட்ஷா எறிஞ்ச பந்து மோதல்ல பட்டு பின்னாடி தெறிச்சுது, ஃபிராங்கோ ஹாரிஸ் தரையை தொடறதுக்கு முன்னாடி அள்ளிக்கிட்டு ஓடிட்டாரு. 13-7. டீம் சரித்திரத்துலயே பெரிய ஆட்டத்தை ஓனர் லிஃப்ட்டுக்குள்ள நின்னு தவற விட்டுட்டாரு.

1974, 75, 78, 79 சீசன் சூப்பர் பவுல் நாலும் எல்லாருக்கும் தெரிஞ்ச கதை, அதுல நிக்க வேண்டாம். யாரும் அதிகம் பேசாதது அதுக்கு அப்புறம் நோல் இருந்த பன்னெண்டு வருஷம். வெறும் நாலு பிளேஆஃப். 1983ல பிட்ஸ்பர்க் யுனிவர்சிட்டிலயே படிச்ச டான் மரீனோ கைக்கு எட்டற தூரத்துல இருந்தான், இவங்க கேப்ரியல் ரிவேரான்னு டிஃபென்ஸ் ஆளை எடுத்தாங்க, அந்தப் பையன் அதே வருஷம் கார் விபத்துல இடுப்புக்கு கீழ செயலிழந்து போனான். மரீனோ மயாமில போயி லெஜண்ட். யூனைட்டஸ் கதையே திரும்ப. 1988ல 5 ஜெயிச்சு 11 தோத்ததும் டான் ரூனி உதவி கோச்சுங்களை மாத்தணும்னு அழுத்தம் குடுத்தாரு, நோல் கிளம்பற அளவுக்குப் போயி கடைசில ஒத்துக்கிட்டாரு. அடுத்த சீசன் முதல் ரெண்டு மேட்ச் 51-0, 41-10 தோல்வி, அப்படியும் அந்த டீம் பிளேஆஃப் போயி ஒண்ணு ஜெயிச்சுது. 1991 டிசம்பர்ல நோல் போதும்னாரு. வேற ஊரா இருந்தா 85லயே அனுப்பியிருப்பாங்க, அது தப்புன்னும் என்னால சொல்ல முடியல.

1992ல பில் கவர். பிட்ஸ்பர்க் ஒட்டின கிராஃப்டன் பையன், 34 வயசு, கான்சாஸ் சிட்டில டிஃபென்ஸ் கோச். நோல் வாத்தியார்னா இவர் திருவிழா. தாடையை முன்னாடி நீட்டிக்கிட்டு எச்சில் தெறிக்க கத்துவாரு. 1995ல மின்னசோட்டா மேட்ச்ல இவங்க 12 பேரா நின்னாங்கன்னு ரெஃப்ரி பெனால்டி குடுத்தாரு, ஃபோட்டோல எண்ணிப் பாத்தா 11 தான். கவர் அந்த ஃபோட்டோவை எடுத்துக்கிட்டு போயி, நடந்துட்டு இருந்த ரெஃப்ரியோட சட்டை பாக்கெட்லயே சொருகிட்டாரு.

முதல் ஆறு சீசனும் பிளேஆஃப். ஆனா வீட்டு மைதானத்துல ஃபைனலுக்கு முந்தின மேட்ச்ல திரும்பத் திரும்ப சறுக்குவாரு, 1994, 97, 2001, 2004, எல்லாம் பிட்ஸ்பர்க்லயே தோல்வி. ஒரு தடவை சூப்பர் பவுல் போனப்போ டல்லாஸ் கிட்ட 27-17. நடுவுல 1998ல இருந்து மூணு வருஷம் பிளேஆஃபே இல்ல, கவருக்கும் பிளேயர் செலக்ஷன் பாத்துட்டு இருந்த டாம் டோனஹோவுக்கும் பேச்சு வார்த்தை கெட்டுப் போச்சு, ரெண்டுல ஒருத்தர் போகணும். டான் ரூனி கோச்சை வெச்சுக்கிட்டு மேனேஜரை அனுப்பினாரு. பல டீம்ல இது தலைகீழா நடக்கும்.

2004 டிராஃப்ட்ல இவங்க ரூம்ல எல்லாரும் ஷான் ஆண்ட்ரூஸ்னு ஒரு லைன்மேன் பக்கம் சாயறாங்க. மரீனோவை விட்டது டான் ரூனிக்கு நெஞ்சுல முள்ளா இருந்துச்சாம், பேச்சை பென் ராத்லிஸ்பர்கர் பக்கம் திருப்பினாராம், அவரே பின்னாடி எழுதியிருக்காரு. அந்த குவார்ட்டர்பேக்கோட முதல் வருஷம் 15 ஜெயிச்சு 1 தோல்வி, ரெண்டாவது வருஷம் சூப்பர் பவுல். கவர் தன்னோட பதினாலாவது சீசன்ல கோப்பையைத் தொட்டாரு, ஒரு சீசன் கழிச்சு 2007 ஜனவரில தானா விலகிட்டாரு.

அடுத்த ஆள் உள்ளேயே ரெடியா இருக்காங்கன்னு எல்லாரும் நினைச்சாங்க, கவர் கிட்ட வேலை பாத்த கென் விசன்ஹன்ட், ரஸ் கிரிம் ரெண்டுல ஒருத்தர்னு. டான் ரூனியும் மகன் ஆர்ட் ரூனி செகண்டும் எடுத்தது மைக் டாம்லின், மின்னசோட்டால ஒரே வருஷம் டிஃபென்ஸ் பாத்தவர், திரும்பவும் 34 வயசு. ஹெட் கோச் வேலைக்கு சிறுபான்மை ஆளையும் இன்டர்வியூ பண்ணியே ஆகணும்னு லீக் 2003ல போட்ட விதிக்கு பேரே ரூனி ரூல். விதிப்படி ரான் ரிவேராங்கற சிறுபான்மை கோச்சையும் இன்டர்வியூ பண்ணியாச்சு, டாம்லின் விதிக்காக வந்தவர் இல்ல, பேசினப்போ மனசுல நின்னவர்னு டான் ரூனி சொல்லுவாரு. அவங்க டீமுக்கு முதல் கறுப்பின ஹெட் கோச். வேலை கிடைக்காத விசன்ஹன்ட் அரிசோனா கோச் ஆனாரு, கிரிம்மும் அவர் கூடவே போனாரு, 2009 பிப்ரவரி சூப்பர் பவுல்ல எதிர்ல வந்து நின்னது யாரு? அதே ரெண்டு பேர். 27-23, டாம்லின் ஜெயிச்சாரு, 36 வயசுல, அப்போதைக்கு சூப்பர் பவுல் ஜெயிச்ச மிக இளைய ஹெட் கோச்.

19 சீசன்ல ஒரு சீசன் கூட தோல்வி கூடுதலா முடியல. இது சாதாரண விஷயம் இல்ல. 2019ல ராத்லிஸ்பர்கர் முழங்கை போயி, யாருக்கும் தெரியாத பசங்களை குவார்ட்டர்பேக்கா வெச்சே 8-8. ஆனா ரசிகனுக்கு அதுவே புண்ணாவும் ஆச்சு, ஏன்னா கடைசியா பிளேஆஃப்ல ஜெயிச்சது 2017 ஜனவரில கான்சாஸ் சிட்டில, 18-16, ஒரு டச்டவுன் கூட இல்லாம, பந்தை உதைச்சு எடுக்கற ஆறு ஃபீல்ட் கோல் மட்டும் அடிச்சு. அதுக்கு அப்புறம் நியூ இங்கிலாந்து, ஜாக்சன்வில், கிளீவ்லேண்ட், கான்சாஸ் சிட்டி, பஃபலோ, பால்டிமோர், ஹூஸ்டன்னு வரிசையா ஏழு பிளேஆஃப் தோல்வி. ரொம்ப மோசமா தோத்தா நல்ல டிராஃப்ட் சான்ஸ் கிடைக்கும், இவங்க மோசமாவும் தோக்கறது இல்ல, பெருசா ஜெயிக்கறதும் இல்ல, நடுவுல மாட்டிக்கிட்டாங்க. நோலோட கடைசி வருஷங்கள் மாதிரியே தான், ஆனா நோல் கையில நாலு கோப்பை இருந்துச்சு.

2026 ஜனவரில சொந்த ஊர்ல ஹூஸ்டன் கிட்ட 30-6 தோத்த மறுநாள் டாம்லின் விலகினாரு. ரெகுலர் சீசன் வெற்றி 193. நோலும் சரியா 193. இதை யாரும் பிளான் பண்ணி செஞ்சிருக்க முடியாது. 1968ல பில் ஆஸ்டினை அனுப்பினதுக்கு அப்புறம் இந்த டீம் ஒரு ஹெட் கோச்சைக் கூட வேலையை விட்டு தூக்கல, மூணு பேரும் அவங்களா போனவங்க.

மூணு பேரையும் சேத்து பாத்தா ஒரு அச்சு தெரியும், 37, 34, 34 வயசு, மூணு பேரும் டிஃபென்ஸ் ஆளுங்க, மூணு பேரும் அதுக்கு முன்னாடி எங்கயும் ஹெட் கோச்சா இருந்ததில்ல. பேருக்காக யாரையும் எடுக்கல. பதினேழாவது கோச்சா இப்போ எடுத்திருக்கறது மைக் மெக்கார்த்தி. வயசு 62, அஃபென்ஸ் ஆள், கிரீன் பேலயும் டல்லாஸ்லயும் ஹெட் கோச்சா இருந்தவர், பிட்ஸ்பர்க்ல கிரீன்ஃபீல்ட் ஏரியால பிறந்து வளர்ந்த உள்ளூர்க்காரர். அச்சு மொத்தமா மாறிடுச்சு, கொஞ்சம் ஆர்ட் ரூனி காலத்து வாசனை கூட அடிக்குது. ஏற்கனவே சாம்பியன்ஷிப் ஜெயிச்ச ஒரு தொழில்முறை ஹெட் கோச்சை இவங்க இதுக்கு முன்னாடி வெளிய இருந்து கூட்டிட்டு வந்தது 1957ல, பட்டி பார்க்கரை. மெக்கார்த்தி கையில இருக்கற ஒரே சூப்பர் பவுல் 2011 பிப்ரவரில வாங்கினது, 31-25, தோத்தது டாம்லினோட ஸ்டீலர்ஸ்.